புளியங்கொட்டை விழாத இடம்

கீழ்வாக்கத்தில் எதுவும் அழுகாமல் போயிற்று. தப்பு ஊருடையது. வேறு யார் மேலாவது பழி போட முடியுமா என்று பார்த்தார்கள். நிற்கவில்லை.

ஊருக்குக் கிழக்கே சேற்றுவெளி இருந்தது. அது கடலும் இல்லை, ஏரியும் இல்லை. மழை மாசத்தில் முழங்கால் தண்ணீர், கோடையில் வெடித்த சேறு, நடுவில் கோரை, ஓரத்தில் இடுகாடு. கீழ்வாக்கத்தார் பிணத்தை எரிப்பதில்லை. கறுப்புச் சேற்றின் ஓரமாகக் குழி வெட்டிப் புதைத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்துவந்து, வாய்க்காலில் கால் கழுவிக்கொண்டு வீட்டுக்குள் நுழைவார்கள். அங்கிருந்து ஒரு புல்லைக்கூட வீட்டுக்குக் கொண்டுவரக் கூடாது. மீன் துள்ளும், பிடிக்க மாட்டார்கள். கோரை ஆளுயரம் நிற்கும், அறுக்க மாட்டார்கள். அந்த இடத்தால் தனக்கு ஒரு நன்மை உண்டு என்று வாயைத் திறந்து சொல்வது, செத்தவன் மடியில் கைவிட்டு எடுப்பதற்குச் சமம். அதனால் யாரும் சொன்னதில்லை. தலைமுறை தலைமுறையாகச் சொல்லாமல் இருந்ததில், நன்மை என்று ஒன்று இருந்ததா என்பதே மறந்துபோயிற்று.

அப்போதுதான் பட்டணத்து ஆராய்ச்சி நிலையம் ஒன்றிலிருந்து சாருலதா மேடம் வந்தார். சின்ன வயசு. நல்ல பெண்தான், அதையும் சொல்லிவிட வேண்டும். நிலம் ஒரு வேலையிலிருந்து இன்னொரு வேலைக்கு மாறினால், வயல் மனையாகி, மேய்ச்சல் தரை இறால் குட்டையாகி, சேறு சிமெண்டுத் தரையாகிப் போனால், அந்த நிலம் அதுவரை சும்மா கொடுத்துக்கொண்டிருந்ததில் எதெது நின்றுபோகும் என்று, கம்ப்யூட்டருக்குள் ஒரு மாதிரி ஊரைச் செய்து, அதை வருஷக்கணக்கில் ஓட்டிப் பார்த்துச் சொல்வது அவர் வேலை. டீக்கடை சம்பந்தம் இதையெல்லாம் கேட்டுவிட்டு, ஊருக்கு ஜாதகம் கணிக்க வந்திருக்காங்க என்று முடித்துவிட்டான். எல்லோருக்கும் விளங்கிவிட்டது.

பள்ளிக்கூட மைதானத்தில் சாணி தெளித்து, பெண்கள் கோலமாவால் ஊரை வரைந்தார்கள். வயலுக்குப் பச்சைப் பொடி, ஏரிக்கு நீலம், தெருவுக்கு வெள்ளை, முந்திரித்தோப்புக்குச் செங்கல் தூள். இடுகாட்டைக் கோலமாவால் போடப் பெண்கள் ஒப்பவில்லை. மேடமே குனிந்து சாக்பீஸால் கிழக்கே ஒரு கட்டம் கிழித்தார். பிறகு வீட்டுக்கு ஒரு கைப்பிடி புளியங்கொட்டை கொடுத்து, எந்த இடம் உங்களுக்கு எவ்வளவு தருகிறதோ அந்த இடத்தில் அவ்வளவு வையுங்கள் என்றார். ஜனங்கள் சந்தோஷமாக வைத்தார்கள். ஏரியில் வைத்தார்கள், கிணற்றில் வைத்தார்கள், தோப்பில் வைத்தார்கள், பஸ் நிறுத்தத்து வேப்பமர நிழலில் வைத்தார்கள். யாரோ சாராயக்கடையில் ஒரு கை நிறைய வைத்துவிட்டு ஓடினார்கள். அதை எடுக்கச் சொல்லிப் பெண்களும் எடுக்கக் கூடாதென்று ஆண்களும் கொஞ்சநேரம் கத்தினார்கள். கிழக்கே இருந்த கட்டத்தில் மட்டும் ஒன்றும் விழவில்லை.

மேடம் கேட்டார். ஜனங்கள் தரையைப் பார்த்தார்கள். இன்னொரு தரம் வேறு மாதிரி கேட்டார். ஊராட்சித் தலைவர் ஜெகதீசன் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, ஊருக்காகப் பேசினார்.

"அங்கேருந்து ஒண்ணும் வராது மேடம். இங்கேருந்து போறதுதான்."

எரு வியாபாரி கன்னியப்பனும் அந்தக் கூட்டத்தில் இருந்தான். அவன் கையில் கொட்டை மிச்சம் இருந்தது. கிழக்குக் கட்டத்தை ஒரு தடவை பார்த்தான். பார்த்துவிட்டு, மிச்சத்தை வேப்பமரத்தடியில் போட்டுவிட்டுக் கையைத் தட்டிக்கொண்டான். மேடம் சேற்றுவெளிக்குப் பூஜ்யம் போட்டார். வேறென்ன போடுவார்?

அழுகல் அங்கேதான் குடியிருந்தது. முன்பு அது யாருக்கும் தெரியாது. உன்னால் பலன் ஒன்றும் இல்லை என்று எழுதியாகிவிட்டது, பிறகு அது ஏன் இருக்கும்? போய்விட்டது. காரணம் இவ்வளவுதான். இதற்கு மேல் கேட்டால் எனக்குத் தெரியாது, மேடத்துக்கும் தெரியவில்லை.

முதலில் மீன்காரிகள்தான் கவனித்தார்கள். காலையில் விற்காத நெத்திலி சாயங்காலமும் வலையிலிருந்து எடுத்தபடியே கண்ணை விழித்துக்கொண்டு கிடந்தது. மறுநாளும் கிடந்தது. தக்காளி கூடையில் உட்கார்ந்தபடியே இருந்தது, வாழைப்பழம் கறுக்கவில்லை, மூடி வைக்க மறந்த குழம்பு ஊசவில்லை, தொழுவத்தில் ஈ இல்லை, சாக்கடையில் வாசனை இல்லை. ஊர் அதை ஒரு பண்டிகைபோல எடுத்துக்கொண்டது. கல்யாண வீட்டில் மிஞ்சின சோற்றை அடுத்த கல்யாணத்துக்கு வைத்தார்கள். ஃப்ரிட்ஜ் வைத்திருந்தவர்கள் அதில் துணி மடித்து வைத்தார்கள். மாரியம்மனுக்குப் போட்ட எலுமிச்சை மாலை கழுத்திலேயே இருந்தது. புதுசு கட்ட வேண்டியதில்லை என்று தெரிந்ததும் பூக்காரி வேறு ஊருக்குப் போய்விட்டாள், அம்மனும் ஒன்றும் சொல்லவில்லை.

மேடத்தின் கம்ப்யூட்டர், சேற்றுவெளியைத் தூர்த்தால் ஊருக்கு நஷ்டம் எதுவுமில்லை என்று சொல்லியிருந்தது. குடோன் கம்பெனி ஒன்று அதைப் பிடித்துக்கொண்டது. லாரிகள் செம்மண்ணைக் கொண்டுவந்து கொட்டின. அழுகாத ஊரில் குடோன் கட்டினால் ஐஸ் வேண்டாம், கரண்ட் வேண்டாம். எங்கெங்கிருந்தோ வாழைத்தாரும் மாம்பழமும் வந்து இறங்கின. ஜெகதீசனுக்கு மீசை இன்னும் கொஞ்சம் மேலே ஏறிற்று.

பிறகு மாவு புளிக்கவில்லை. உளுந்தும் அரிசியும் அரைத்து வைத்தால் அரைத்தபடியே இருந்தது. இட்லி கூழாங்கல்லாக வந்தது. பாலுக்கு உறை ஊற்றினால் பால் பாலாகவே நின்றது. அடுத்த ஊரிலிருந்து புளித்த மாவு வாங்கி வந்தவர்கள், ஊர் எல்லைக் கல்லைத் தாண்டியதும் அது அடங்கிப்போவதைத் தூக்குவாளிக்குள் பார்த்தார்கள். கீழ்வாக்கத்தில் பெண் கொடுக்க மாட்டேன், தோசைக்கு வழியில்லாத ஊர் என்று ஒரு சம்பந்தி வீட்டார் எழுந்து போனார்கள். ஜனங்கள் சப்பாத்திக்குப் பழகினார்கள். எதற்குத்தான் பழகமாட்டார்கள்?

கன்னியப்பன் பிழைப்பு அதோடு போயிற்று. வீடு வீடாகக் குப்பைக்குழி பேசி, மக்கினதை அள்ளி, தன் குட்டியானை வண்டியில் ஏற்றித் தோட்டங்களுக்குக் கொண்டுபோய்ப் போடுகிறவன் அவன். இப்போது குழியைத் தோண்டினால் போட்ட சாணி போட்டபடி, போட்ட இலை பச்சையாக, போன தீபாவளி வாழையிலையில் பாயசம் ஒட்டியபடி வந்தது. அவன் செங்கல் ஏற்றினான், ஜல்லி ஏற்றினான். வண்டியில் எரு வாடை இல்லாமல் போனதில் சந்தோஷப்பட்டவள் அவன் மகள் கோபிகா ஒருத்திதான். ஆறாம் வகுப்பு. மூக்கைப் பொத்திக்கொண்டாவது முன்சீட்டில்தான் உட்காருவேன் என்று அடம்பிடித்து வந்தவள், இப்போது கையை எடுத்துவிட்டு வந்தாள்.

மழைக்காலத்தில் கோபிகாவுக்குக் காய்ச்சல் கண்டது. பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். அதே வண்டியில் திரும்பிக் கொண்டுவந்தார்கள்.

சேற்றுவெளியில் செம்மண் கொட்டாத ஓரம் கொஞ்சம் மிச்சமிருந்தது. அதில் புதைத்தார்கள். பால் ஊற்றப் போனபோது, அதற்கு முன்னால் வேறு குழிகளில் வேறு ஜனங்கள் ஊற்றிய பால் திரியாமல் வெள்ளையாகக் குட்டை கட்டி நின்றது. பிறகு ஒரு மழை பிடித்து மேல்மண்ணை இழுத்துக்கொண்டு போயிற்று. கன்னியப்பன் போய்ப் பார்த்தபோது பிள்ளை முகம் தெரிந்தது. நெற்றிப் பொட்டு கலையவில்லை. கன்னம் அப்படியே. கழுத்தில் பவுடர் திட்டுகூட அப்படியே. அவன் கையால் மண்ணைத் தள்ளினான், அவளைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டான், வாய்க்காலில் கால் கழுவாமல் ஊருக்குள் வந்தான், மாடு விற்றுக் காலியாகக் கிடந்த கொட்டகையில் கயிற்றுக் கட்டில் போட்டுப் படுக்க வைத்தான்.

ஊர் அதையும் எடுத்துக்கொண்டது. வந்து பார்த்தார்கள். கொசுவலை கட்டலாமே என்றாள் ஒருத்தி. கொசு எங்கே இருக்கிறது என்று இன்னொருத்தி கேட்டாள். ஆறாம் வகுப்பு டீச்சர் வந்து, வருகைப் பட்டியலில் பெயரை அடிப்பதா வேண்டாமா என்று ரொம்ப நேரம் தயங்கிவிட்டு, அடிக்காமல் போனார். மற்றவர்களும் தங்கள் குழிகளை நினைத்துக்கொண்டார்கள். அழுகல் போன பிறகு செத்தவர்கள் எல்லோரும் அப்படியேதான் இருந்தார்கள். ஒரு கிழவரை அவர் பிள்ளைகள் தோண்டி எடுத்து, சட்டை மாட்டி, பத்திர ஆபீசுக்கு ஆட்டோவில் கூட்டிப்போனார்கள். கைரேகை நன்றாகத்தான் விழுந்தது, சார்பதிவாளர்தான் ஆள் வாயைத் திறந்து சம்மதம் சொல்ல வேண்டும் என்று கெடுத்துவிட்டார். சம்பந்தம் தன் மாமியாரைக் கடை வாசலில் உட்கார வைத்தான். உயிரோடிருந்தப்பவும் இவ்வளவுதான் பேசுவாங்க என்றான். இது இப்படியே கொஞ்சநாள் போயிற்று. பிறகு சலித்துவிட்டது. செத்தவர்களை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. ஒரு மூலையில் சாய்த்து வைத்துவிட்டு, அந்தப் பக்கம் போவதைக் குறைத்துக்கொண்டார்கள்.

கன்னியப்பன் குறைத்துக்கொள்ளவில்லை. காலையில் தலை வாரி விடுவான். ஜல்லி ஏற்றப் போன இடம், வழியில் பார்த்த கல்யாண ஊர்வலம், டயர் பஞ்சரானது, எல்லாவற்றையும் வந்து சொல்லுவான். மழைச்சாரல் அடித்தால் தார்ப்பாயை இழுத்துக் கட்டுவான். கையில் சில்லென்று இருந்தாலும் பிள்ளை பிள்ளையாக இருந்தது. அது போதும் அவனுக்கு. ஊருக்கு என்ன ஆனாலும் அவனுக்கு அது போதும்.

அவன் பெண்சாதியைப் பனையூர்க்காரி என்பார்கள், பனையூரிலிருந்து வாழ வந்தவள். அவள் கொட்டகைப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. சோறு ஆக்கினாள், தண்ணீர் எடுத்தாள், வாசலில் விழுந்த வாதாம் இலைகளைக் கூட்டி வேலியோரம் குவித்தாள். இலை மக்கவில்லை. குவியல் வேலியைத் தாண்டி, கூரையைத் தொட்டது. அவள் கூட்டிக்கொண்டே இருந்தாள்.

ஊரெல்லாம் அப்படித்தான். சாணி மலையாயிற்று. அறுத்த தாள் வயலில் அப்படியே நின்றது, அதன்மேல் உழுதார்கள், அதுவும் நின்றது. செத்த நாய் செத்த இடத்தில் காவல் காத்தது. வண்டி போக வழியில்லாமல் தெருக்கள் உதிர்ந்த இலையிலும் கழித்த பழத்திலும் புதைந்தன. மண் கொடுத்ததையே கொடுத்துக் கொடுத்து வெறும் மண்ணாயிற்று. வாங்கிக்கொள்ள அதற்கு ஒன்றும் இல்லை. உரமூட்டை வாங்கிக் கொட்டினார்கள். உரமும் அது பாட்டுக்கு வெள்ளையாக மண்மேல் உட்கார்ந்திருந்தது. விதைத்த நெல் முளைத்து, மேலே வந்து, சுற்றிப் பார்த்துவிட்டு மஞ்சளாயிற்று. தின்ற சோறு வயிற்றில் கல்லாகக் கிடந்தது. குழந்தைகளுக்கு வயிறு உப்பி, கைகால் சூம்பிற்று. டாக்டர்கள் ஊசி போட்டார்கள், மாத்திரை கொடுத்தார்கள், வேறு என்னதான் செய்வார்கள்? தொட்டிலில் கிடந்த பிள்ளைகள் அழுவதை நிறுத்தின. அப்போதுதான் ஊருக்குப் பயம் வந்தது.

எல்லாம் அந்தப் பூஜ்யம் போட்ட நாளிலிருந்துதான் என்று நாள் எண்ணிப் பார்த்து, ஜெகதீசன் பட்டணத்துக்குப் போய் மேடத்தின் காலில் விழாத குறையாக நின்றார். அந்தப் பூஜ்யத்தை அழித்து, தேவையான எண்ணை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள் என்றார். மேடம் யோசித்தார். தானாக ஓர் எண்ணைப் போட்டால் அது பொய் எண், அதற்கு ஒன்றும் திரும்பி வராது; பூஜ்யம் கொடுத்தவர்கள்தான் எண்ணையும் கொடுக்க வேண்டும், எதற்காகக் கொடுக்கிறார்கள் என்று சொல்லிக் கொடுக்க வேண்டும் என்றார். நியாயம்தான்.

மறுபடி மைதானத்தில் சாணி தெளித்தார்கள். அழுகாத சாணி, தரையில் பிடிக்கவில்லை. ஒப்புக்கு வரைந்தார்கள். மேடம் சாக்பீஸ் கட்டத்தைக் கிழித்ததும், ஊரே புளியங்கொட்டையைச் சாக்கில் கொண்டுவந்து கொட்டிற்று. கட்டம் மறைந்து குவியலாயிற்று. எதற்காக என்று மேடம் ஒவ்வொருவராகக் கேட்டார். மீனுக்காக என்றார்கள், யாரும் அங்கே மீன் பிடித்ததில்லை. கோரைக்காக என்றார்கள், காற்றுக்காக என்றார்கள், அழகுக்காக என்றார் ஜெகதீசன். இடுகாட்டுக்காக என்று ஒருவர் வாயிலும் வரவில்லை. வாய் அவ்வளவு பழகியிருந்தது. குவியல் நின்றது, ஒன்றும் நடக்கவில்லை. கொட்டிவிட்டு வீட்டுக்குப் போய் மாவைத் திறந்து பார்த்தார்கள். அரைத்தபடி இருந்தது. மேடம் கொட்டைகளை அள்ளி ஓரமாகப் போட்டுவிட்டு, அடுத்த நாளும் உட்கார்ந்தார்.

அந்த அடுத்த நாள் மத்தியானம் பனையூர்க்காரி முதல்தடவையாகக் கொட்டகைக்குள் வந்தாள். கன்னியப்பன் மகளின் கால் நகத்தை வெட்டிவிட்டுக்கொண்டிருந்தான். நகம் வளரவில்லை, சும்மா வெட்டுகிற மாதிரி வைத்துக்கொண்டிருந்தான்.

"குடுத்துடு" என்றாள்.

"இன்னாத்த?"

"அவளை."

அவன் நகவெட்டியைக் கீழே வைத்தான். "பாரு. எப்படித் தூங்குறா பாரு."

"தூங்குனா எழுந்துக்கணும்."

அவள் கட்டிலைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"எழுந்துக்கவும் மாட்டா, போவவும் நீ உடமாட்டேங்கற. எங்கதான் இருப்பா அவ?"

"ஈ மொய்க்கணுமா? புழு வைக்கணுமா? உன் வயித்துல பொறந்தவளுக்கு?"

"ஆமா."

"நீ பெத்தவளா?"

"பெத்தவதான் சொல்றேன். மேலத்தெருவுல தொட்டில்ல கெடக்கறதுங்களும் பெத்ததுங்கதான்."

அவன் எழுந்து போய் வாசல்படியில் குறுக்கே படுத்துக்கொண்டான். தாண்டிப்போனால் போ என்கிற மாதிரி. அவள் தாண்டித்தான் போனாள். புருஷனைத் தாண்டுவது பெரிய பாவம் அந்த ஊரில். தெரிந்தேதான் தாண்டினாள்.

மைதானத்தில் நடந்ததை அவன் பார்க்கவில்லை. சம்பந்தம் பிறகு சொன்னான். பனையூர்க்காரி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, கிழக்குக் கட்டத்தின் முன்னால் நின்றாள். யாரோ கொட்டையை அள்ளிக் கொடுத்தார்கள். ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டாள். எதற்கும்மா என்று மேடம் கேட்டார். இடுகாட்டின் பெயரில் வாயைத் திறக்கக் கூடாது, செத்தவர் பெயரை அதோடு சேர்த்துச் சொல்லவே கூடாது. அவள் இரண்டையும் செய்தாள்.

"எம்மவ கோபிகாவை அது எடுத்துக்கணும். நம்மால ஆவாதத அதான் செஞ்சிக்கினு இருந்தது. எம்மாமனாருக்குச் செஞ்சது, இவங்க அத்தனை பேரு தாய் தகப்பனுக்கும் செஞ்சது. எம்மவளுக்கும் செய்யணும்."

குனிந்து வைத்தாள். கூட்டம் தரையைப் பார்த்தது. அவ்வளவுதான், இடி மின்னல் ஒன்றும் இல்லை.

கொட்டகையில் கன்னியப்பன் படுத்தபடி ஒரு சத்தம் கேட்டான். ரொம்ப நாளாகக் கேட்காத சத்தம் என்பதால் என்னவென்று உடனே தெரியவில்லை. தலையைத் தூக்கிப் பார்த்தான். ஓர் ஈ. கூரை ஓட்டை வெளிச்சத்தில் சுற்றிச் சுற்றி வந்து, கோபிகாவின் கீழுதட்டில் உட்கார்ந்தது. அவன் எழுந்து விரட்டினான். போயிற்று, வந்தது. துண்டால் விசிறினான். இன்னொன்று வந்தது. அவன் விசிறிக்கொண்டே நின்றான், ஈக்கள் வந்துகொண்டே இருந்தன, அவன் ஒவ்வொன்றையும் பெயர் சொல்லித் திட்டுவதுபோலத் திட்டி விரட்டிக்கொண்டே நின்றான், கை ஓய்ந்தது, நெற்றிப் பொட்டு கலைந்தது, கன்னத்தின் நிறம் உள்ளேயிருந்து மெல்ல மாறிற்று, பிறகு அந்த வாடை வந்தது. எரு வியாபாரிக்குத் தெரியாத வாடை இல்லை. வாழ்நாளெல்லாம் அதில்தான் பிழைத்தான். அப்போதுதான் அவன் உட்கார்ந்து அழுதான். அவள் செத்த அன்று அழவில்லை.

பாயில் சுற்றித் தூக்கிக்கொண்டு கிழக்கே போனான். சேற்றுவெளி இருந்த இடத்தில் மதிற்சுவர் இருந்தது. மிச்சமிருந்த ஓரத்தையும் அதற்குள் தூர்த்துவிட்டிருந்தார்கள். இடுகாடு எங்கே என்று கேட்டான். காவல்காரன் நல்லவன், கும்பிட்டான்.

"உள்ள பூராவும் சிமெண்டுத் தரைங்க. எங்கன்னு காட்டட்டும்?"

கன்னியப்பன் சுவரைச் சுற்றி நடந்தான். ஒரு முழம் சேறு கிடைக்கவில்லை. ஏரிக்கரையில் புதைக்க ஏரிக்காரர்கள் விடமாட்டார்கள், தோப்பில் தோப்புக்காரர்கள் விடமாட்டார்கள், ரோட்டோரம் ரோடு போடுகிறவர்களுடையது. திரும்பி வந்தான். வீட்டுக்குப் பின்னால் அவனுடைய குப்பைக்குழி இருந்தது. அதைத் தவிர அவனுக்கென்று நிலம் இல்லை. பிள்ளையை அதில் இறக்கினான். பனையூர்க்காரி வேலியோர இலைகளை முறம் முறமாக அள்ளிவந்து போட்டாள்.

அதன்பிறகு ஊர் நாறிற்று. தேங்கிக் கிடந்த அழுகல் அத்தனையும் ஒரே மூச்சில் வந்தது. சாணி மலைகள் புகைந்து சரிந்தன, சம்பந்தத்தின் மாமியாரை அள்ளத்தான் முடிந்தது, தூக்க முடியவில்லை, தெருவெல்லாம் கறுப்புச் சாறு ஓடிற்று, குடோனில் மலைமலையாக அடுக்கியிருந்த மாம்பழம் கதவிடுக்கில் கசிந்து வந்தது. ஜனங்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். வாந்தியும் எடுத்தார்கள். தொட்டில் பிள்ளைகள் வீரிட்டு அழுதன. மாவு பொங்கிப் பாத்திரத்தைத் தள்ளிக்கொண்டு வழிந்தது. அன்றைக்கு ஊரில் தோசை சுடாத வீடு ஒன்றுதான்.

இதோடு சரியாயிற்று என்று நினைக்க வேண்டாம். திரும்பி வந்த அழுகலுக்குக் குடியிருக்க வீடில்லை. சாக்கடையிலும் குப்பைக்குழியிலும் ஒண்டிக்கொண்டிருக்கிறது, வாடகைக்கு வந்த மாதிரி. வயல் பழையபடி கொடுப்பதில்லை, பாதி கொடுக்கிறது, கால் கொடுக்கிறது. கிணறுகளில் உப்பு ஏறிவிட்டது. கம்பெனி போகவில்லை, அழுகினதை வாரிக்கொட்டிவிட்டு, குளிர்மெஷின் வைத்துக்கொண்டு நடத்துகிறது. மேடம் தன் மாதிரி ஊரில் புது எண்ணைப் போட்டு ஓட்டிப் பார்த்தார். கம்ப்யூட்டர், சேற்றுவெளியைத் தூர்க்கவே கூடாது, தூர்த்தால் ஊர் தேறாது என்று சொல்லிற்று. மேடம் அதை எடுத்துக்கொண்டு ஆபீஸ் ஆபீசாக ஏறினார். சிமெண்டுத் தரை சிமெண்டுத் தரையாகவே பதிவாகிவிட்டது, இனி சேறாக மாற்ற விதி இல்லை என்றார்கள். இப்போது செத்தால் வேனில் ஏற்றி எங்கோ தொலைவில் மின்மயானத்துக்குக் கொண்டுபோகிறார்கள். திரும்பி வந்து கால் கழுவ வாய்க்காலும் இல்லை.

ஊராட்சி ஆபீஸ் வாசலில் பளிங்குக் கல் ஒன்று பதித்தார்கள். பேரிடரிலிருந்து ஊரை மீட்டவர்கள் என்று மேலே, எம்.எல்.ஏ. பெயர், தலைவர் ஜெகதீசன் பெயர், துணைத்தலைவர் பெயர், கல் உபயம் கம்பெனி. பனையூர்க்காரியோடு யாரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. பெத்ததை அழுக விட்டவள் என்று பின்னால் சொல்லுவார்கள். குழந்தைக்குச் சோறு ஊட்டுகிற தாய்மார்கள் அவள் வந்தால் முந்தானையால் குழந்தை முகத்தை மறைப்பார்கள். அவள் புழங்குவது கடைத்தெருவுக்கும் வீட்டுக்கும்தான்.

கன்னியப்பன் மறுபடி எரு ஓட்டுகிறான். தன் வீட்டுக் குழியை மட்டும் தொடுவதில்லை. அதன்மேல் என்ன முளைத்தாலும் பிடுங்கவும் மாட்டான், தண்ணீர் ஊற்றவும் மாட்டான். அவளோடு அவன் பேச்சை நிறுத்தி வெகுகாலமாயிற்று. அவள் சோறு வைப்பாள், அவன் சாப்பிடுவான்.

சாருலதா மேடம் கடைசியாக ஒருமுறை வந்தார். அறிக்கை முடிக்க வேண்டியிருந்தது. எண் எப்படி மாறியது, யார் மாற்றினார்கள் என்று எழுத வேண்டும். ஜெகதீசனைக் கேட்டால் கல்லைக் காட்டினார். டீக்கடையில் கேட்டால் சம்பந்தம், பனையூர்க்காரின்னு ஒருத்தி என்றான். பெயர் என்ன என்றால் தலையைச் சொறிந்தான். அங்கே டீ குடித்துக்கொண்டிருந்த யாருக்கும் தெரியவில்லை. கன்னியப்பன் ரோட்டோரம் வண்டியை நிறுத்தி எருவுக்குமேல் தார்ப்பாய் கட்டிக்கொண்டிருந்தான். மேடம் அவனிடம் போனார்.

அவன் கயிற்றை இழுத்து முடிச்சுப் போட்டான். இன்னொரு முடிச்சும் போட்டான். மேடம் போகவில்லை, நின்றுகொண்டே இருந்தார்.

"எம்பொஞ்சாதிதான் வச்சா" என்றான்.

"பேர் சொல்லுங்க. எழுதணும்."

கட்டி வந்த நாளிலிருந்து அவன் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. வண்டிப் பலகையில் கையை ஊன்றிக்கொண்டு, தரையைப் பார்க்காமல், மேடத்தின் முகத்தைப் பார்த்துச் சொன்னான்.

"தையல்நாயகி."